மூன்று புரி

பாறசாலைப் பக்கம் ஓலை முடையும் கைகளைப் பார்த்து வளர்ந்தவள் நான். மட்டாஞ்சேரியில் 1568இல் எழுந்த யூத ஜெபாலயத்தைப் பார்த்து வந்த பிறகே யூதர்களின் ஹல்லா ரொட்டி பின்னக் கற்றேன்.

மைதா, முட்டை, ஈஸ்ட், கொஞ்சம் சர்க்கரை. இறைச்சியோடு பால் சேர்க்காத மரபு அவர்களுடையது. ஆகவே வெண்ணெய் கிடையாது, எண்ணெய்தான். நான் தேங்காயெண்ணெய் விடுவேன், மணமே தனி. நம்மூர் வெக்கையில் மாவு சீக்கிரமே பொங்கிவிடும். மூன்று புரியாக உருட்டிச் சடைபோலப் பின்னணும். இறுக்கினால் வேகும்போது வெடிக்கும். முட்டை பூசி, எள் தூவிச் சுட்டால் பின்னலின் மேடுகள் செம்பொன்னாகும். மடிப்புகள் மட்டும் வெளுத்திருக்கும். எத்தனை முறை பார்த்தாலும் அலுக்காத அழகு!

வெள்ளி இரவு சபாத் எனும் ஓய்வுநாள் மேசையில் இரண்டு ரொட்டி வைப்பார்கள், பாலைவனத்தில் அவர்களின் முன்னோருக்கு இரட்டிப்பாய்க் கிடைத்த மன்னா எனும் உணவின் நினைவாக. புரி புரியாகக் கையால் பிய்த்து, உப்பில் தொட்டுச் சாப்பிடணும்.