தையலும் சான்றும்: அசைவூட்ட ஆவணப்படத்தில் உளவடு

ஒளிப்பதிவுக் கருவி இல்லாத இடத்தில் நிகழ்ந்த கொடுமைக்கு எது ஆவணமாகும் என்பது அசைவூட்ட ஆவணப்படத்தின் முதல் வினா. 1915-இல் மூழ்கடிக்கப்பட்ட லூசிடானியா கப்பலை வின்சர் மெக்கே 1918-இல் வரைந்து காட்டினார். அந்நிகழ்வின் ஒளிப்பதிவு இல்லை என்பதே காரணம். ஆயினும் இல்லாத காட்சியை நிரப்புவது மட்டுமே இவ்வடிவத்தின் பணி எனக் கொள்வது குறுகிய பார்வை.

ஆரி ஃபோல்மனின் ‘வால்ட்ஸ் வித் பஷீர்’ (2008) 1982 லெபனான் போரில் பங்கேற்ற இஸ்ரேலியப் படைவீரர் ஒருவரின் மறதியைத் துருவுகிறது. கனவும் நினைவும் வேறுபாடின்றி ஒரே கோட்டில் வரையப்படுவது இப்படத்தின் வலிமை. ஆனால் சப்ரா, ஷட்டிலா முகாம்களில் கொல்லப்பட்டோரை இறுதியில் காட்டும்போது இயக்குநர் வரைதலைக் கைவிட்டு உண்மை ஒளிப்பதிவுக்குத் தாவுகிறார். அழும் பெண்களின் சொற்களுக்கு மொழிபெயர்ப்பு வரிகளும் இல்லை. படைவீரனின் உளவடுவுக்கு ஓவியம், பாதிக்கப்பட்டோருக்கு வெறும் ஓலம் என்னும் இப்பங்கீடு எளிதில் கடந்துபோகத் தக்கதன்று.

நீனா சப்னானியின் ‘டாங்கோ போலே சே’ (2009) இச்சிக்கலை வேறுவகையில் அணுகுகிறது. 1971 போரின் விளைவாகச் சிந்துப் பகுதியிலிருந்து கச்சுக்குப் பெயர்ந்தவர்களும் 2001 நிலநடுக்கத்தைக் கண்டவர்களுமான கைவினைஞர்கள், கலா ரக்ஷா அமைப்போடு இணைந்து, ஒட்டுத்துணி வேலைப்பாட்டால் தம் கதையைத் தாமே தைத்தனர். அத்துணி உருவங்களே படத்தில் அசைகின்றன; பின்னணியில் ஒலிப்பது அவர்தம் குரல். இங்குத் துயருற்றவர் வரையப்படும் பொருளல்லர், வரைபவர். ஏறத்தாழ 12 நிமிடமே ஓடும் இப்படம், பெரும்பொருட்செலவில் உருவான பல படங்களினும் கூடுதல் நேர்மை உடையது.

இம்முறையைத் திருப்பத்தூர் மாவட்டத் தோல் தொழிற்பகுதிக்குப் பொருத்திப் பார்க்கத் தோன்றுவது இயல்பு. ஆம்பூரைச் சுற்றிய ஊர்களில் காலணியின் ‘அப்பர்’ எனப்படும் மேற்பகுதியை வீட்டிலிருந்தே கூலிக்குத் தைக்கும் பெண்கள் உள்ளனர். முகம் காட்டினால் வேலை போய்விடும் என அஞ்சுவோருக்கு அசைவூட்டம் ஒரு திரை. ‘ஃப்ளீ’ (2021) ஆப்கானிய அகதி ஒருவரின் அடையாளத்தை அவ்வாறே காத்தது. எனினும் ஊசி என்னும் ஒற்றுமை ஏமாற்றக்கூடியது. கச்சுப் பெண்ணின் தையல் அவள் கற்பனை. ஆம்பூர்ப் பெண்ணின் தையல் பிறர் வகுத்த அளவு, இணைக்கு இணை மாறாதது. அதனை எடுத்து அசையவிட்டால் அழகு கிடைக்கும், சாட்சியம் கிடைக்காது. சாட்சியம் அவள் சொல்லில் இருக்கிறது. கணக்கில் கழிக்கப்பட்ட கூலியிலும் தோள்வலியிலும் இருக்கிறது. அவற்றிற்கான வடிவத்தை அவளோடு அமர்ந்தே கண்டடைய வேண்டும்.

இராணிப்பேட்டை இன்னும் கடினமான வழக்கு. 2015 ஜனவரி இறுதியில், சிப்காட் வளாகத்துப் பொதுக் கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையத்தின் தொட்டிச் சுவர் உடைந்து, அடுத்த தோல் ஆலையில் உறங்கிக்கொண்டிருந்த தொழிலாளர் 10 பேர் கழிவுச்சேற்றில் மாண்டனர். பெரும்பாலோர் மேற்கு வங்கத்தினர். அவ்விரவை வரைய முனையும் படைப்பாளி, சேற்றின் நிறத்தைத் தேர்வதற்கு முன் முடிவு செய்ய வேண்டியது ஒன்றுண்டு: படத்தின் குரல் தமிழா, வங்கமா என்பது.