'மாலுமி' என்னும் ஒற்றைச் சொல்: லஸ்கர் வழக்கும் மொழிபெயர்ப்பும்

1. முன்னுரை

பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஐரோப்பியர் கப்பல்களில் பணியாற்றிய ஆசியக் கடலோடிகள் 'லஸ்கர்' எனப்பட்டனர். ஐரோப்பியக் கடலோடி பெற்ற ஊதியத்தில் ஒரு சிறு பங்கே அவர்களுக்குக் கிடைத்தது. 1823ஆம் ஆண்டுப் பிரித்தானியச் சட்டம் அவர்களைப் பிரித்தானியக் கடலோடிகளாகக் கொள்ளவில்லை. ஆசியக் கடலோடிகள் உள்ளிட்ட அயலார்க்கென 1857இல் இலண்டனில் ஒரு புகலிடம் திறக்கப்பட்டமை, அங்குக் கைவிடப்பட்டோரின் நிலைக்குச் சான்றாகும். இவர்தம் வாழ்வைத் தமிழில் பெயர்ப்போர்க்கு முதலில் கைகொடுக்கும் சொல் 'மாலுமி' என்பதே. அச்சொல் பொருந்துமா என ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கம்.

2. படிநிலைச் சொற்கள்

'மாலுமி' என்பது ஆசிரியனைக் குறிக்கும் 'முஅல்லிம்' என்ற அரபுச் சொல்லின் திரிபு. இந்தியப் பெருங்கடல் மரபில் அது கப்பலுக்கு வழிகாட்டுபவனைக் குறித்தது. பிற்காலத்தில் பொருள் விரிவுற்றுக் கடலோடிகள் அனைவர்க்கும் பொதுவாயிற்று. கப்பலிலோ படிநிலைகள் பல. 'சிராங்கு' (பாரசீக 'சர்ஹங்க்', படைத்தலைவன்) ஆட்களைத் திரட்டுபவன். கப்பல் தலைவனுக்கும் ஆட்களுக்கும் இடைநிற்பவன். முன்பணத்தால் அவர்களைக் கடனில் பிணைப்பவனும் பல வேளைகளில் அவனே. அவனுக்கு அடுத்தவன் 'தண்டல்'. சுக்கான் பிடிப்பவன் 'சுக்கானி'. படை எனப் பொருள்படும் 'லஷ்கர்' என்ற பாரசீகச் சொல்லினின்று போர்த்துக்கேயர் வழியாக வந்த 'லஸ்கர்', அடிநிலையில் உழைத்தவனுக்கும் பெயராயிற்று. அனைவரையும் 'மாலுமி' என்றால், யாருடைய கடன் யார் கையில் இருந்தது என்பதே மறைந்துவிடுகிறது.

'தண்டல்' தனியே கருதற்குரியது. தூத்துக்குடித் தோணியில் தண்டலே தலைவன். ஜோ டி குரூஸின் 'கொற்கை' (2009) இவ்வழக்கைப் பதிவு செய்துள்ளது. ஐரோப்பியர் கப்பலில் அதே பெயருடையவன் சிராங்குக்குக் கீழ்ப்பட்டவன். ஒரு சொல்லின் இறக்கம் ஒரு தொழில்மரபின் இறக்கத்தைக் காட்டுகிறது எனலாம்.

3. இரு நூல்கள்

தாமஸ் ரோபக் தொகுத்த ஆங்கில-இந்துஸ்தானிக் கப்பற்சொல் அகராதி 1811இல் கல்கத்தாவில் வெளிவந்தது. கப்பலை இயக்கும் கட்டளைகளைத் தருவதாக அதன் தலைப்பே கூறுகிறது. லஸ்கர் வழக்கை எழுத்தில் காத்தமை அதன் சிறப்பு. எனினும் அது கட்டளையிடுவோனின் தேவைக்காக ஆக்கப்பட்டது. சொற்கள் மேலிருந்து கீழ்நோக்கியே செல்கின்றன. இவ்வகராதியைப் பயன்கொண்ட அமிதவ் கோஷ், 'சீ ஆஃப் பாப்பீஸ்' (2008) புதினத்தில் அச்சொற்களைக் கடலோடிகளின் வாய்மொழியாக்கித் திசையை மாற்றினார். இது பாராட்டத்தக்கது. ஆயினும் ஆங்கில வாசகர்க்கு அச்சொற்களின் அயன்மையே இன்பம் பயக்கிறது. அவ்வின்பத்தில் துன்பம் பின்தங்கிவிடும் இடங்களும் உண்டு.

தமிழ், மலையாள மொழிபெயர்ப்பாளரின் நிலை இதற்கு நேர்மாறானது. கேரள அரசின் நீர்ப்போக்குவரத்துத் துறைப் படகுகளில் 'ஸ்ராங்கு', 'லஸ்கர்' என்பன இன்றும் பணிப்பெயர்கள். திருவனந்தபுரத்திலுள்ள அரசுப் பணியாளர் தேர்வாணையம் 'லஸ்கர்' பணிக்கு விண்ணப்பங்கள் கோரியதுண்டு. மூலத்தில் அயலாக ஒலிப்பவை பெறுமொழியில் அன்றாடச் சொற்களாக உள்ளன. அவற்றுக்கு அடிக்குறிப்பு இடுவது, நம் கரையிலிருந்து சென்றவனை நமக்கே அந்நியனாக்குவதாகும்.

4. முடிவுரை

தூய தமிழாக்கம் விழைவோர் 'மீகாமன்' என்னும் பழஞ்சொல்லைப் பரிந்துரைக்கலாம். அது கலத்தைச் செலுத்தும் தலைவனுக்குரிய பெருமை வாய்ந்த சொல். லஸ்கருக்கு அப்பெருமையை எவரும் அளித்ததில்லை. இல்லாத மதிப்பைச் சொல்லால் வழங்குவது இருந்த இழிவை மறைப்பதாகும். சிராங்கு, தண்டல், சுக்கானி, லஸ்கர் ஆகிய நான்கையும் வேறுபாடு குன்றாமல் ஆள்வதே முறை. இங்குக் கடன்சொல் குறையன்று. யார் யாரை ஏவினர் என்பதற்கு எஞ்சியுள்ள சான்று.