வூய்ச்சிக்கின் வெண்மை

ஒரு திரைப்படத்தின் குணமும் குற்றமும் இயக்குநர் ஒருவரையே சாரும் எனக் கொள்வது திறனாய்வாளரிடையே நிலைபெற்ற வழக்கு. அவ்வழக்கு எத்துணைப் பொருந்தும் என்பதைப் போலந்து நாட்டு ஒளிப்பதிவாளர் யெர்சி வூய்ச்சிக்கின் படைப்புக்கள் சிலவற்றைக் கொண்டு ஈண்டு ஆராய்வோம்.

வூய்ச்சிக் 1930-இல் நோவி சாஞ்ச் நகரிற் பிறந்தார், வூச் நகரத்துத் திரைப்படப் பள்ளியிற் பயின்றார், 2019-இல் மறைந்தார். வைதா, முங்க், கவலெரோவிச் என்னும் இயல்பால் வேறுபட்ட மூவர்க்கும் அவர் ஒளிப்பதிவு செய்தமையால், அவர்க்கெனத் தனிநடை இல்லை என்பாரும் உளராகலாம். நாம் அதற்கு உடன்படோம்.

வைதாவின் 'சாம்பலும் வைரமும்' (1958) போர் முடிவுற்ற 1945 மே மாதத்து நிகழ்ச்சிகளைக் கூறுவது. அதன் இறுதியில், குண்டடிபட்ட இளைஞன் மாசியெக் கொடிகளில் உலரும் வெண்துணிகளுக்கிடையே ஒளிகிறான். துணியைத் தன்மேல் அணைத்துக் கொள்கிறான். குருதி அதனுள் ஊறிப் பரவுகிறது. படம் கறுப்பு வெள்ளையாதலின் அக்குருதி செம்மையன்று, கருமை. கறையைக் காண்பதற்கு முன்னர், தான் பிழைத்துவிடுவான் என்றே அவன் எண்ணியிருத்தல் கூடும். மறைக்க வேண்டிய துணியே அவனைக் காட்டிக் கொடுக்கிறது. வெண்மை தூய்மைக்கும் அமைதிக்கும் அடையாளம் என்னும் பொதுக் கருத்து இங்கே செல்லாது. இவ்வெண்மை ஒளிய இடந்தராத வெண்மை.

கவலெரோவிச்சின் 'வானதூதர்களின் அன்னை யோவான்னா' (1961) பேய் பற்றியதாகக் கூறப்படும் கன்னியர் மடத்தைப் பற்றியது. இத்தகைய கதைக்கு இருளும் நிழலுமே ஏற்றவை எனப் பிறர் கருதுவர். வூய்ச்சிக்கோ வெள்ளாடைக் கன்னியரை வெளிறிய சுவர்களின் முன்னும் மரஞ்செடியற்ற நிலத்தின் மீதும் நிறுத்துகிறார். அவர்தம் வேட்கையும் அச்சமும் புகுந்துகொள்ள ஒரு மூலையும் இல்லை. வெள்ளாடை கதையிலேயே உள்ளதன்றோ, அதில் ஒளிப்பதிவாளர்க்கு என்ன பங்கு என வினவலாம். ஆடை அவருடையதன்று, அதனை இருளின் நடுவே விளக்குப்போல் ஏற்றிக் காட்டாது, வெளிச்சத்திடையே வெளிச்சமாக வைத்த துணிவு அவருடையது.

அவ்வியக்குநரின் 'பாரவோன்' (1966) வண்ணப்படம். உஸ்பெகிஸ்தானத்துப் பாலைநிலத்தில் எடுக்கப்பட்ட காட்சிகளில் மணலின் நிறமே மேலோங்க, ஏனைய வண்ணங்கள் அடக்கப்பட்டுள்ளன. பாலை எங்கும் வெளிறியே இருக்குமாதலின், இதனை நம் கருத்துக்குப் பெருஞ்சான்றாகக் கொள்ளோம்.

இனி, வெண்மை அவரது பழக்கம் மட்டுமே என்பார்க்கு முங்கின் 'எரோயிக்கா' (1958) விடை கூறும். அதன் இரண்டாம் பகுதியில், போர்க்கைதிகள் முகாமிலிருந்து ஓர் அதிகாரி தப்பிவிட்டார் என ஏனையோர் நம்பிப் பெருமை கொள்கின்றனர். அவரோ அங்கேயே, கூரையின் உட்புறத்தில் ஒடுங்கிக் கிடக்கிறார். உண்மையறிந்தோர் மிகச் சிலர். அந்நம்பிக்கை அழியாதிருக்க வேண்டுமாயின் அவர் வெளிப்படலாகாது. அவருக்கு வூய்ச்சிக் வெண்மையை வழங்கவில்லை; இருளையே வழங்குகிறார்.