பெயர் சூட்டியோரும் பெயர் நீக்கியோரும்

லாட்வியா நாட்டிலே, டௌகாவா ஆற்றங்கரையிலே ஒரு சிறு நகரம். நீர்மின் நிலையம் கட்ட வந்த தொழிலாளருக்காக 1960-களில் எழுந்தது. சோவியத் ஆட்சி அதற்கு ‘ஸ்டுச்கா’ எனப் பெயர் சூட்டியது. ஆட்சி சரிந்தது; பெயரும் பறந்தது. ரிகாவிலுள்ள பல்கலைக்கழகமும் 1958 முதல் 1990 வரை அப்பெயரைச் சுமந்து, பிறகு இறக்கி வைத்துவிட்டது.

யார் இந்த பேட்டரிஸ் ஸ்டுச்கா? சூட்டியவர் ஏட்டைப் புரட்டினால், மாசு மருவற்ற மாவீரர்! நீக்கியவர் ஏட்டைப் புரட்டினால், இரத்த வெறிகொண்ட கொடியவர்! புராணிகர் தேவரையும் அசுரரையும் படைத்தது போலத்தான் இதுவும். புராணத்தைச் சாடும் நாம், வரலாற்றின் பெயரால் வரும் புராணத்தை மட்டும் விழுங்கலாமோ?

ஸ்டுச்கா 1865-இல் பிறந்தவர். பீட்டர்ஸ்பர்க்கில் சட்டம் பயின்றவர். லாட்வியரின் நிலமெல்லாம் ஜெர்மானியப் பிரபுக்களின் பிடியில், ஆட்சியோ ஜாரின் கையில் இருந்த காலம் அது. ‘தீனாஸ் லாபா’ என்னும் நாளேட்டை அவரும், பள்ளித் தோழர் ரைனிசும் மாறி மாறி நடத்தினர். ரைனிஸ், பின்னாளில் லாட்வியரின் பெருங்கவிஞர். அவருடைய தங்கை டோராவை மணந்தவர் ஸ்டுச்கா. ஏடு வளர்த்த எழுச்சிக்கு ஜார் தந்த பரிசு, 1897-இல் சிறை. பின்னர் இருவருக்கும் நாடு கடத்தல்! பத்திரிகையால் ஒரு தலைமுறையை விழிக்கச் செய்தவர் என்பதை, பெயரை நீக்கியோர் சொல்ல மறந்துவிடுகின்றனர்.

சூட்டியோர் மறைப்பது 1919. அவ்வாண்டு சனவரியில் ரிகா செம்படையின் வசமாயிற்று. ஸ்டுச்கா ஆட்சித் தலைவரானார். மே மாதம் ரிகா கை நழுவியது. இடைப்பட்ட மாதங்களிலே பட்டினி. புரட்சி நீதிமன்றங்களின் மரண தண்டனைகள். இவற்றைப் போர்க்காலக் கொடுமை என்று தள்ளிவிட நம் மனம் ஒப்பவில்லை. அதனினும் பெரிய பிழை நிலத்தில் நிகழ்ந்தது. பிரபுக்களின் பண்ணைகளை அவர் பறித்தார். ஆனால் உழுதவனுக்குப் பங்கிட்டுக் கொடுக்கவில்லை. அரசுப் பண்ணைகளாக வைத்துக்கொண்டார். தலைமுறை தலைமுறையாகத் துண்டு நிலத்துக்கு ஏங்கிய கூலியாள், ஆண்டை மாறினானே தவிர நிலம் வரவில்லையே என்று முகம் சுளித்தான். 1920-இல் அந்த நிலத்தைப் பங்கிட்டு அவன் நெஞ்சைக் கவர்ந்தது, அவர் எதிர்த்த லாட்வியக் குடியரசு! பாட்டாளியின் பெயரால் ஆண்டவர் பாட்டாளியின் பசியை அறியத் தவறினார் என்பதே நம் தீர்ப்பு.

சட்ட அறிஞர் ஸ்டுச்காவை இரு சாராருமே சரிவரப் படிக்கவில்லை. 1917-இல் சோவியத்தின் நீதித்துறை ஆணையராகி, ஜார் காலத்து நீதிமன்றங்களைக் கலைத்த ஆணையை வரைந்தவர் அவர். சட்டம் ஆகாயத்திலிருந்து இறங்கியதன்று, ஆளும் வர்க்கத்தின் நலன் காக்கும் உறவுமுறை என்று எழுதினார். மனுவின் வாரிசுகளிடம் வாதாடும் நம் இளைஞர் இதைப் படித்தால் பொருள் உடனே விளங்கும். அப்படி எழுதியவரே 1923 முதல் உச்ச நீதிமன்றத் தலைவராக அமர்ந்தார் என்பது, ஆராய்ச்சியாளர் அவிழ்க்க வேண்டிய முடிச்சு.

1932-இல் மறைந்தார், கிரெம்ளின் சுவரிலே இடம் கிடைத்தது. ஐந்தாறு ஆண்டுகளுக்குள் அவருடைய சட்டக் கொள்கையைத் தூற்றியவர் யார் தெரியுமா? ஜெர்மானியப் பிரபு அல்லர், லாட்வியக் குடியரசினர் அல்லர். ஸ்டாலினின் வழக்குரைஞர் விஷின்ஸ்கி!