கடன்பட்டவன் ஊராளக் கூடாதா?

கடனைத் தீர்க்காதவன் ஊராட்சித் தேர்தலில் நிற்கக் கூடாது என்கிறார்கள். கேட்பதற்கு ஒழுக்கம் போலத்தான் இருக்கிறது. ஒழுக்கத்தின் உடை உடுத்தி வருவதெல்லாம் ஒழுக்கமாகிவிடுமா? உரசிப் பார்ப்போம்.

அரியானா சட்டமன்றம் 2015-இல் தன் பஞ்சாயத்துச் சட்டத்தைத் திருத்தியது. கூட்டுறவுச் சங்கத்துக்கும் கூட்டுறவு வங்கிக்கும் கடன் பாக்கி வைத்தவர், மின்கட்டணம் செலுத்தாதவர், வீட்டில் கழிப்பறை இல்லாதவர், குறித்த வகுப்புவரை படிக்காதவர் ஆகியோர் போட்டியிடத் தகுதியற்றவர் என்றது. இதை எதிர்த்து எழுந்ததே ராஜ்பாலா வழக்கு. 2015 டிசம்பர் 10 அன்று, உச்ச நீதிமன்ற நீதிபதிகள் செலமேசுவரும் சாப்ரேயும் அச்சட்டம் செல்லும் எனத் தீர்ப்பளித்தனர்.

கடன் பற்றி அத்தீர்ப்பு கூறும் காரணம் யாது? தேர்தல் எந்நாட்டிலும் செலவு மிக்கது. ஆகவே கடனில் மூழ்கியவர் போட்டியிட முன்வருவது அரிது. எதிர்ப்பு ஏட்டளவிலானதே என்பது அதன் கருத்து. இந்த வாதத்தை நாம் ஏற்பதற்கில்லை. பணமில்லாதவன் தேர்தலில் நிற்க முடியவில்லை என்பது நாட்டைப் பிடித்த நோய். நோயைச் சான்று காட்டி நோயாளியை வெளியே தள்ளுவதா? ஏழை வரமாட்டான் என்று உறுதியாகத் தெரிந்தால், அவன் வராதிருக்கக் கதவுக்குப் பூட்டு எதற்கு?

பூட்டுப் போட்டவர்களின் நிலையைப் பாருங்கள். நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்றத்துக்கும் நிற்பவரை, அரசியல் சட்டத்தின் 102, 191 ஆகிய பிரிவுகள் பணத்தின் பேரால் தடுப்பது ஒரே நிலையில்தான்: நீதிமன்றம் அவரை நொடித்தவர் என அறிவித்து, அந்நிலை நீங்காதிருந்தால்! கோடிக்கணக்கில் கடன் இருப்பினும் உறுதிமொழிப் பத்திரத்தில் எழுதிக் கொடுத்துவிட்டு நிற்கலாம். தமக்கு வேண்டாத தகுதியை ஊராட்சி உறுப்பினருக்கு விதிக்கிறார்கள், 243-எஃப் பிரிவு தரும் அதிகாரத்தைக் கொண்டு! மாடிக்கு ஒரு நீதி, குடிசைக்கு ஒரு நீதியா?

நடைமுறையில் இத்தடை யாரைப் பிடிக்கும்? செல்வர் வேட்புமனுவுக்கு முதல்நாள் பாக்கியைக் கட்டி, நிலுவையில்லாச் சான்றோடு வந்து நிற்பார். மழை பொய்த்துப் பயிர் கருகிய உழவரும், கூலி வேலை கிடைக்காத சேரிப் பெண்ணும் எங்கே போவர்? சான்றுக்குக் கையெழுத்திடும் எழுத்தர், வாக்காளருக்கும் மேலான வாக்காளர் ஆகிவிடுவார். கூட்டுறவுக் கடனால் நொந்தவர் பேச வேண்டிய அவையிலேயே அவர் குரல் இல்லாமற் போகும்.

“ஊர்ப்பணத்தைக் கட்டாதவன் ஊர்ப்பணத்தை ஆளலாமா?” என்று கேட்பர். நேர்மையான கேள்விதான். கட்ட வசதியிருந்தும் ஏய்ப்பவரிடம் ஜப்தி செய்து வசூலிக்கட்டும், தடுப்பாரில்லை. இங்கிலாந்தின் 1992-ஆம் ஆண்டுச் சட்டப்படி, உள்ளூர் வரியில் இரண்டு மாதப் பாக்கி வைத்த மன்ற உறுப்பினர் வரி, வரவு செலவு பற்றிய தீர்மானங்களில் வாக்களிக்கலாகாது. ஆயினும் பாக்கிக்காகப் பதவி பறிபோவதில்லை. அதே நாட்டில் ஏழைகளுக்கான உதவி பெற்றவருக்கு 1918 வரை வாக்கே இல்லாதிருந்தது. அமெரிக்கத் தென்மாநிலங்கள் தலைவரியைக் காட்டிக் கறுப்பின மக்களை வாக்குச் சாவடிக்கு வெளியே நிறுத்தின. அவ்வரி 1964-லும் 1966-லும் வீழ்த்தப்பட்டது. சென்னை மாகாணத்தில் 1920-இல் நடந்த தேர்தலில் சொத்தும் வரியும் உடைய சிறுபான்மையினரே வாக்காளர். உலகம் இறங்கிவந்த படியில் நாம் மீண்டும் ஏறுவதா?

புதுவைத் தோழர்களுக்கு இது தொலைதூரத்துச் செய்தியன்று. இங்கே 1880-இல் பிரெஞ்சு ஆணை நகரமன்றங்களை அமைத்தபோது, வாக்காளரை ஐரோப்பியர் பட்டியல், இந்தியர் பட்டியல் எனப் பிரித்தது. கையளவே இருந்தவர் கனமான பங்கைப் பெற்றனர். அதே மன்றங்கள் பின்னாளில் மக்கள் கைக்கு வந்தன. 1954 அக்டோபர் 18 அன்று, கீழூரில் சட்டமன்ற உறுப்பினரும் நகரமன்ற உறுப்பினருமாகக் கூடிய 178 பேரில் 170 பேர் இந்தியாவுடன் இணைய வாக்களித்தனர். ஒரு நாட்டின் எல்லையையே மாற்றிய உறுப்பினர்கள் அவர்கள்!

அந்தப் புதுவையில் 1968-க்குப் பின் 38 ஆண்டுகள் உள்ளாட்சித் தேர்தல் இல்லை. 2006-இல் நடந்தது; அம்மன்றங்களின் காலம் 2011-இல் முடிந்தது. 2021-இல் அறிவிப்பு வந்தும் தேர்தல் நின்றுபோயிற்று. வேட்பாளரின் பாக்கியைக் கணக்கிடுவோர், மக்களுக்கு ஆட்சியாளர் வைத்த இந்தப் பாக்கியை எந்தப் பேரேட்டில் எழுதுவர்?

வேட்பாளரின் கடன் விவரம் ஊரறிய வெளிவரட்டும். வாக்காளர் எடை போடட்டும். உள்ளாட்சிச் சட்டங்களைத் திருத்தும் பேச்சு எங்கே எழுந்தாலும், அரியானாவின் அந்த விதி நுழையாதபடி இளைஞர்கள் காவல் நிற்க வேண்டும். ஊராளும் உரிமை, கடன் சீட்டுக்கு ஈடாக எழுதி வாங்கும் பொருளன்று!