மாங்காய் கிரம்பிள்: செய்முறையும் ரசிக்கும் விதமும்

கிரம்பிள் என்பது பழத்துண்டுகளின் மேல் மாவு, வெண்ணெய், சர்க்கரை மூன்றையும் பிசிறித் தூவி ஓவனில் சுட்டெடுக்கும் இனிப்பு. மாவு பிசைந்து தேய்க்க வேண்டாம், முட்டை வேண்டாம், உப்பி வருமா என்ற கவலையும் வேண்டாம். 1940-ல், உலகப் போரின் நடுவே, பிரிட்டனில் வெண்ணெயும் சர்க்கரையும் பங்கீட்டுக்குப் போயின. பழத்தை மாவுக்கூட்டுக்குள் வைத்துச் சுடும் 'பை'க்குக் கட்டுப்படியாகாத காலத்தில், இருக்கும் கொஞ்சத்தை மேலே உதிர்த்துவிடும் கிரம்பிள் வீடுகளில் பரவியது.

அங்கே அதற்கு உகந்தது பிராம்லி ஆப்பிள். 1809-ல் நாட்டிங்ஹாம்ஷயரின் சவுத்வெல் ஊரில் விதையிலிருந்து முளைத்த மரம் அது. கடித்துத் தின்ன முடியாத அளவுக்குப் புளிக்கும். அந்தப் புளிப்புதான் மேலே இருக்கும் வெண்ணெய், சர்க்கரையின் கனத்தைத் தூக்கி நிறுத்துகிறது. சென்னையின் கோயம்பேடு சந்தையில் கிடைக்கும் சிம்லா, காஷ்மீர் ஆப்பிள்களில் இனிப்பு உண்டு, புளிப்பு போதாது. அவற்றில் செய்த கிரம்பிள் சப்பென்று இருக்கும். எலுமிச்சை பிழிந்தாலும் ஓரளவுக்குத்தான் தேறும்.

சென்னையின் மேற்குப் புறநகரான வேலப்பன்சாவடியில் இதற்குச் சரியான பழம் கிளிமூக்கு மாங்காய். ஊரின் நடுவே ஓடும் பூந்தமல்லி நெடுஞ்சாலைதான் மேற்கே கிருஷ்ணகிரி வழியாகப் பெங்களூருக்கும், கிழக்கே கோயம்பேட்டுக்கும் போகிறது. கிருஷ்ணகிரி வட்டாரத்து மாங்கூழ் ஆலைகள் பெருமளவு அரைப்பது இந்தக் கிளிமூக்கைத்தான். சீசனில் தள்ளுவண்டிகளில் கீறி, உப்பும் மிளகாய்த்தூளும் தடவிக் கொடுப்பதும் இதுவே. சதை கெட்டி, சூட்டில் கூழாகாது. பங்கனப்பள்ளியும் இமாம்பசந்தும் அப்படியே தின்ன வேண்டிய பழங்கள். அவற்றைச் சுட்டால் மணம் போய் வெறும் தித்திப்பு மிஞ்சும்.

வாங்கும்போது செங்காயாகப் பார்த்து எடுக்க வேண்டும். தோல் பச்சையாக, அலகுப் பக்கம் மட்டும் மஞ்சள் ஏறத் தொடங்கியிருக்கும். வெட்டினால் உள்ளே வெளிர்மஞ்சள். நான்கு பேருக்கு முக்கால் கிலோ போதும். தோல் சீவி, கட்டைவிரல் பருமனுக்கு நறுக்கி, மூன்று மேசைக்கரண்டி சர்க்கரை, ஒரு மேசைக்கரண்டி கார்ன்ஃப்ளார், அரைத் தேக்கரண்டி சுக்குத்தூள் சேர்த்துப் புரட்டி, கண்ணாடிப் பாத்திரத்தில் பரப்ப வேண்டும். சுக்கு மாங்காயின் பால்வாடையை அடக்கும். ஏலக்காய் போட்டால் பாயச வாசனை வந்து மாங்காய் காணாமல் போய்விடும்.

மேல்மாவின் கணக்கு இரண்டுக்கு ஒன்று, ஒன்று: மைதா 150 கிராம், வெண்ணெய் 75 கிராம், சர்க்கரை 75 கிராம், ஒரு சிட்டிகை உப்பு. சர்க்கரையில் பாதியை நாட்டுச் சர்க்கரையாக மாற்றினால் நிறமும் மணமும் கூடும். உப்புச் சேர்க்காத ஆவின் வெண்ணெய் நன்றாக ஒத்துவரும்.

சென்னை வெயிலில் கவனிக்க வேண்டிய இடம் இந்த வெண்ணெய்தான். அக்னி நட்சத்திர நாட்களில் சமையலறைச் சூடு வெண்ணெய் உருகும் சூட்டைத் தொட்டுவிடும். உருகிய வெண்ணெயை மாவு சீராகக் குடித்துக்கொண்டால், சுட்டதும் மேல்மாவு ஒரே பாளமாக இறுகும். குளிர்ந்த வெண்ணெய் மாவில் சிறு சிறு துணுக்குகளாக நின்றால்தான் மொறுமொறுப்பான உதிரிகள் கிடைக்கும். ஆகவே வெண்ணெயைத் துண்டுகளாக்கி ஃப்ரிட்ஜில் வைத்து, கடைசி நேரத்தில் எடுத்து, உள்ளங்கை படாமல் விரல் நுனியால் பிசிற வேண்டும். புட்டு மாவின் பதமே பதம்: பிடித்தால் பிடிபட வேண்டும், விட்டால் உதிர வேண்டும். கை சூட்டில் இளகத் தொடங்கினால், கிண்ணத்தோடு பத்து நிமிடம் ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டுத் தொடரலாம்.

பிசிறியதை அழுத்தாமல் தூவி, முன்கூட்டியே சூடாக்கிய ஓ.டி.ஜி. ஓவனில், மேலும் கீழும் கம்பிகள் எரிய, 180 டிகிரியில் 35 முதல் 40 நிமிடம் வைக்க வேண்டும். கேஸ்கட் கழற்றிய குக்கரிலும் பழம் வேகும். ஆனால் மேற்பக்கம் சூடு போதாமல் மாவு வெளிறியே இருக்கும். ஓவன் இல்லாதவர்கள் மேல்மாவைத் தனியே வாணலியில் சிறுதீயில் சிவக்க வறுத்து, வெந்த பழத்தின் மேல் தூவிக்கொள்வது நல்லது.

வெந்ததா என்பதைக் கடிகாரத்தைவிட ஓரங்கள் சரியாகச் சொல்லும். சாறு விளிம்பில் மேலேறிக் கெட்டியாகக் கொப்பளிக்கும். அது மாவைத் தொட்ட இடம் அரக்கு நிறத்தில் பாத்திரத்தோடு ஒட்டியிருக்கும். சர்க்கரையும் புளிப்பும் வெண்ணெயும் ஒன்றாக முறுகிய அந்த விளிம்புதான் கிரம்பிளின் ஆகச் சிறந்த பகுதி. பரிமாறும்போது எல்லோருக்கும் அதில் ஒரு பங்கு வருமாறு வெட்ட வேண்டும்.

எடுத்ததும் சாப்பிடக் கூடாது. கொதிக்கும் சாறு நாக்கைச் சுட்டுவிடும். அதோடு, கார்ன்ஃப்ளார் சேர்ந்த சாறு ஆற ஆறத்தான் திடமாகும். இருபது நிமிடம் பொறுத்தால் சாறு துண்டுகளைச் சுற்றிப் பிடித்துக்கொள்ளும், மேல்மாவும் மொறுமொறுப்பாக இறுகும். கரண்டியை அடிவரை இறக்கி மேல்மாவையும் பழத்தையும் ஒரே வாயில் எடுக்க வேண்டும். முதலில் மாவு நொறுங்கும், பிறகு வெண்ணெய் மணக்கும், கடைசியில் புளிப்பு வந்து வாயைச் சுத்தமாக்கும். அந்தப் புளிப்பு தெரியவில்லையென்றால் பழம் அதிகம் பழுத்துவிட்டது என்று பொருள். வெனிலா ஐஸ்கிரீம் வழக்கமான துணை என்றாலும் புளிப்பை அமுக்கிவிடும். நன்றாக வடிகட்டிய, குளிர்ந்த கெட்டித் தயிர் அதைவிடப் பொருத்தம்.

மறுநாளுக்கு மிஞ்சினால் மைக்ரோவேவ் கூடாது, மாவு நமத்துவிடும். ஓ.டி.ஜி.யில் பத்து நிமிடம் வைத்தால் மொறுமொறுப்பு திரும்பும். கிளிமூக்கு வரத்து நின்ற மாதங்களில் அன்னாசியில் செய்யலாம். அதில் நீர் அதிகம் என்பதால், மேல்மாவு தூவுமுன் துண்டுகளை வாணலியில் வதக்கிச் சாற்றைச் சுண்டவைத்துக்கொள்ள வேண்டும்.