த்லோன் உலகின் மொழிக் கொள்கை

மொழி உலகைக் காட்டும் கருவியா, உலகை ஆக்கும் ஆற்றலா என்னும் வினா நெடுங்காலமாக மெய்யியலார்க்கும் மொழிநூலார்க்கும் உரியதாகவே கருதப்பட்டு வந்தது. அதனைச் சிறுகதைப் பொருளாக்கி வெற்றி கண்டவருள் தலையாயவர் அர்சென்தீன எழுத்தாளர் ஹோர்கே லூயிஸ் போர்ஹெஸ் (1899-1986) ஆவார். 'த்லோன், உக்பார், ஓர்பிஸ் தெர்தியுஸ்' என்னும் அவர்தம் கதை 1940ஆம் ஆண்டு 'சுர்' இதழில் வெளிவந்து, 1944இல் 'ஃபிக்சியோனெஸ்' என்னும் தொகுதியில் இடம்பெற்றது. மறைவான கழகம் ஒன்று த்லோன் என்னும் இல்லாத உலகினை, அதன் மொழி, மெய்யியல், கணிதம் ஆகியவற்றோடு கலைக்களஞ்சியமாகப் புனைகின்றது. ஈற்றில் அப்புனைவு நம் உலகிற் புகுந்து அதனை மாற்றத் தலைப்படுகின்றது. கதையின் சுருக்கம் இதுவே.

மொழியே உலகைப் படைக்கும் என்னும் கொள்கைக்கு இக்கதையைச் சான்றாகக் காட்டுவாருண்டு. ஊன்றி நோக்குவார்க்கு, அக்கொள்கையை விளக்குவது போலத் தொடங்கும் கதை அதனை மறுத்தே முடிகின்றது என்பது புலனாம். அதனை நிறுவுதல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

த்லோனின் மொழிகள்

த்லோனின் தென்பாதி மொழிகளில் பெயர்ச்சொல் இல்லை. எழுவாய் வேண்டாத வினைகளும் அவற்றைச் சிறப்பிக்கும் ஒட்டுக்களுமே உள. நிலா என்னும் பெயர் இன்மையின், நிலாத் தோன்றுதல் ஒரு நிகழ்ச்சியாக வினையாலேயே சொல்லப்படும். வடபாதி மொழிகளிலோ ஓரசைப் பண்புச் சொற்களே அடிப்படை; அவற்றை அடுக்கி வேண்டும்போது வேண்டும் பெயரை ஆக்கிக்கொள்வர். பொருளைக் குறிப்பது பெயர், அதன் புடைபெயர்ச்சியைக் குறிப்பது வினை எனப் பயின்ற நமக்கு, பொருளின்றிப் புடைபெயர்ச்சி மட்டுமே நிற்கும் இவ்விலக்கணம் வியப்பளிக்கும்.

இதனின்று பிறக்கும் மெய்யியலும் இத்தகையதே. உலகம் இடத்திற் பரந்த பொருள்களின் தொகுதி அன்று. காலத்தில் தொடரும் தனித்தனிச் செயல்களின் வரிசை. ஆகவே உளவியல் ஒன்றே அவர்தம் அறிவியல். அவர்தம் மெய்யியலார் நாடுவது உண்மையை அன்று, வியப்பையே. உணரப்படாத பொருள் உளதாகாது என்ற பெர்க்லியின் (1685-1753) கருத்து இங்கு ஒரு நாட்டின் பொதுஅறிவாகிவிடுகின்றது.

ஆயின், ஆசிரியர் இடையே கூறும் ஒரு செய்தியைப் பலர் நோக்காது செல்வர். பெயர்கள் மெய்யானவை என்று எவரும் நம்பாமையின், வடபாதியிற் பெயர்கள் எண்ணிறந்து பெருகினவாம். ஈண்டு மொழி நம்பிக்கையை ஆளவில்லை. நம்பிக்கையே மொழியை ஆள்கின்றது என்க.

ஒன்பது செப்புக்காசுகள்

கதையின் உயிர்நிலை ஒன்பது காசு பற்றிய பகுதியாகும். பொருள்முதற் கொள்கையை உணர்த்த விழைந்த மாறுகொள்கையன் ஒருவன் இவ்வாறு கூறினான்: செவ்வாயன்று ஒருவன் வெறிச்சோடிய வழியில் ஒன்பது செப்புக்காசுகளை இழந்தான், வியாழனன்று மற்றொருவன், புதன்கிழமை மழையாற் சிறிது களிம்பேறிய நான்கு காசுகளைக் கண்டெடுத்தான், வெள்ளியன்று வேறொருவன் மூன்று கண்டான், அன்றே, இழந்தவன் தன் வீட்டு நடையில் இரண்டு கண்டான். காசுகள் எவரும் காணாதவிடத்தும் இருந்தன என்பதே அவன் காட்ட விரும்பிய முடிபு.

த்லோனின் மொழியில் இதனைச் சொல்லுதலே அரிது. கேட்டோருட் பெரும்பாலோர்க்கு விளங்கவில்லை. மறுத்தோரோ, 'இழத்தல்', 'கண்டெடுத்தல்' என்னும் இரண்டும் வழக்கில் இல்லாப் புதுச்சொற்கள் என்றும், நிறுவ வேண்டியதனையே அவை முன்கூட்டிக் கொண்டுள்ளன என்றும் குறை கூறினர். இம்மறுப்பே நமக்குச் சான்றாகின்றது. மொழி எண்ணத்தை முற்றும் வரையறுக்குமாயின் அம்மாறுகொள்கையன் தோன்றியிருத்தல் இயலாது. அவனோ தன் மொழி தாராத எண்ணத்தை எண்ணினான். அதற்கெனச் சொல்லையும் ஆக்கினான். மறுத்தோரும் விளங்கிக்கொண்டே மறுத்தனர்.

மொழிநூல் வரலாறும் இதனோடு ஒத்துச் செல்கின்றது. சபீர் (1884-1939), வோர்ஃப் (1897-1941) ஆகியோர் பெயரால் வழங்கும் கொள்கையின் கடுமையான வடிவத்தை இன்று ஏற்பார் அரியர். நிறப்பெயர்கள் மொழிதோறும் மனம்போன போக்கில் அமைவன அல்ல என பெர்லினும் கேயும் 1969இல் வாதிட்டனர். மொழி எண்ணத்தை ஒருபாற் சாய்க்கலாம். சிறைப்படுத்துதல் இல்லை என்பதே இன்று பலர்க்கும் உடன்பாடு.

உடன்பாடும் மொழியும்

த்லோனில் இழந்த பொருள்கள் இரட்டிக்கும். இருவர் ஓர் எழுதுகோலைத் தேடுவர். முதல்வன் அதனைக் கண்டும் யாதும் சொல்லான். இரண்டாமவன் தன் எதிர்பார்ப்புக்கு இன்னும் இயைந்த மற்றொரு கோலைக் காண்பான். இங்குப் பொருளைப் படைத்தது சொல் அன்று, விழைவே.

கதையின் பின்குறிப்பு இதனை வலியுறுத்துகின்றது. 1940இல் அச்சான கதைக்கு 1947 எனக் காலமிட்ட பின்குறிப்பு அது. 1944இல் கலைக்களஞ்சியத்தின் நாற்பது தொகுதிகளும் கண்டுபிடிக்கப்படுகின்றன. சுருக்கங்களும் மறுபதிப்புக்களும் உலகெங்கும் பரவுகின்றன. உலகம் விரும்பியே வளைந்து கொடுக்கின்றது. நாஜியம் போன்ற கொள்கைகள், ஒழுங்குபோற் றோன்றிய அளவிலேயே மக்களை மயக்கியதனை ஆசிரியர் அங்கு எடுத்துக்காட்டுகின்றார். அதன் பின்னரே பள்ளிகளில் த்லோனின் மொழி நுழைகின்றது. முதலில் உடன்பாடு, பின்னர் மொழி. இவ்வைப்புமுறை தற்செயலானது அன்று.

கதைக்கு ஒரு குறையும் உண்டு. த்லோனின் மொழியைப் பேசி வாழும் மாந்தர் எவரையும் ஆசிரியர் நம்முன் நிறுத்தவில்லை. நூலகத்து மொழியாகவே அது நின்றுவிடுகின்றது.

முடிவுரை

உலகம் த்லோனாக மாறும் வேளையில், கதை கூறுவோன் ஆங்கில உரைநடையாளர் தாமஸ் பிரௌனின் நூலொன்றைக் கெவேதோவின் நடையில் ஸ்பானியத்தில் பெயர்த்துத் திருத்திக்கொண்டிருக்கின்றான். அதனை வெளியிடும் எண்ணமும் அவனுக்கு இல்லை. இதனைச் சோர்வு எனக் கொள்வர். ஆனால் மொழிபெயர்த்தல் என்பதே, பொருள் ஒரு மொழிக்குள் அடைபட்டதன்று என்பதற்குச் சான்றன்றோ? மொழிக்கு உலகைப் படைக்கும் வலிமை ஏற்றுதல் அதனைப் போற்றுவது போலத் தோன்றும்; உண்மையில், அதன்வழி நேரும் தீங்குகளுக்கு மாந்தர் ஏற்கவேண்டிய பொறுப்பினை அது மறைத்துவிடும். மொழியைக் கற்றலும் கற்பித்தலும் தொழிலாகக் கொண்டோர் போர்ஹெஸின் கதையினின்று பெறத்தக்க எச்சரிக்கை இதுவாகும்.